வெர்னன் ஸ்டக்கியின் பயந்த முகம்

வெர்னன் ஸ்டக்கியை நீங்கள் பார்த்திருப்பீர்கள், பெயர்தான் தெரியாது. கௌபாய் படங்களில் வில்லனுக்குப் பின்னால் சவரம் செய்யாத தாடையோடு ஒருவன் நிற்பானே, கதாநாயகனைப் பார்த்துத் துப்பிவிட்டுப் பாதிப் படத்தில் குண்டடிபட்டுச் சாவானே, அவன்தான். ஹாலிவுட்டில் அந்த வேலையே பிழைப்பாக இருந்தவர்களில் அவனை எனக்கு நன்றாகத் தெரியும். பிடிக்காது.

நான் கிளீவ். குதிரையிலிருந்து விழுவது என் தொழில். என் தம்பி ஹார்லனுக்கும் அதுதான்.

வெர்னனுக்கு வசனம் குறைவு, ஆசை பெரிது. கதாநாயகன் உருக்கமாகப் பேசும் நேரம் பார்த்துப் பின்னால் நின்றபடி பூட்ஸில் தீக்குச்சி உரசுவான். தொப்பியைச் சரிசெய்வான். ஒன்றுமில்லாவிட்டால் காதைக் குடைவான். தியேட்டரில் எல்லோர் கண்ணும் அவன்மேல் போய்விடும். கதாநாயகர்கள் பல்லைக் கடித்தார்கள். இவனுக்கு அதெல்லாம் உறைக்காது.

அந்தப் புத்திதான் என் தம்பியின் இடுப்பை உடைத்தது. சாட்ஸ்வொர்த் பாறைகளுக்கு நடுவே துரத்தல் காட்சி எடுத்தார்கள். விழப்போகிறவனுக்குக் கேமரா பக்கம் இடம் விட்டுவிட வேண்டும். மற்றவர்கள் மறுபக்கம் ஒதுங்கித்தான் ஓட்ட வேண்டும். காலையிலேயே மண்ணில் கோடு கிழித்து எல்லோருக்கும் காட்டுவார்கள். வெர்னன் தன் முகம் தெரிய வேண்டும் என்று கோட்டைத் தாண்டிக் குதிரையை உள்ளே விட்டான். ஹார்லன் சொன்ன இடத்தில் விழுந்தான். வெர்னனின் குதிரை அவன்மேல் ஏறி இறங்கியது.

வெர்னனுக்கு நேர் பின்னால் வந்த நான் மட்டும்தான் பார்த்தேன். கேமராவில் வெறும் புழுதி.

"பய தப்பான எடத்துல விழுந்துட்டான்" என்று வெர்னன் எல்லோர் முன்னாலும் சொன்னான். நான் கத்தினேன். அண்ணன்காரன் வேறெப்படிப் பேசுவான் என்று விட்டுவிட்டார்கள். தப்பான இடத்தில் விழுகிறவன் என்று பெயர் வாங்கினால் எங்கள் தொழிலில் அவனை ஒருவரும் கூப்பிட மாட்டார்கள். குதிரை பழக்கும் வேலைகூட அவனுக்குக் கிடைக்கவில்லை. ஹார்லன் பேக்கர்ஸ்ஃபீல்டுக்குப் போய் பெட்ரோல் பங்கில் சேர்ந்தான். வெர்னன் உட்கார்ந்த மேசையில் அதற்குப் பிறகு நான் சாப்பிடவில்லை.

சில வருஷம் கழித்து வெர்னனுக்கு யோகம் அடித்தது. கிம்பல் என்ற பெரிய இயக்குநரின் படம். கதாநாயகன் கையில் சிக்கிய கோழையாக அவன் நடுங்க வேண்டும், திரை முழுக்க அவன் முகம் மட்டும். அவன் வாழ்க்கையில் முதல் குளோசப். ஒரு மாதமாகக் கண்ணாடி முன் நடுங்கிப் பழகினான். இது தேறினால் போஸ்டரில் தன் பெயர் வரும் என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்தான்.

குளோசப் எடுக்கும்போது எதிராளி கேமராவுக்குப் பக்கத்தில் நின்று தன் வசனத்தைச் சொல்லி, கண்ணுக்குக் கண் கொடுக்க வேண்டும். அது மரியாதை. கதாநாயகன் தொப்பியை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டான்.

"எத்தன தடவ என் முதுகுக்குப் பின்னால தீக்குச்சி ஒரசியிருப்பான். செவுத்தப் பாத்து நடிக்கட்டும்."

வசனக் காகிதம் வைத்திருந்த பெண் சலவைக் கணக்கு வாசிப்பதுபோல் வாசித்தாள். வெர்னனின் பயம் வயிற்றுவலியாகத்தான் தெரிந்தது. திரும்பத் திரும்ப எடுத்தும் அதே வயிற்றுவலி. கிம்பல் சலித்துப்போய்ச் சுற்றிலும் பார்த்தார். அன்று நான் கதாநாயகனுக்கு டூப். உயரம் சரியாக இருந்தது.

"கிளீவ், நீ வந்து நில்லு."

"இவன் வேண்டாம் சார்" என்றான் வெர்னன்.

"ஒன்னய யாரு கேட்டா?"

நின்றேன். கெடுக்க வேண்டும் என்றுதான் நின்றேன். கேமரா ஓட ஆரம்பித்ததும் காகிதத்தைப் பார்க்காமல், சத்தம் உயர்த்தாமல் பேசினேன்.

"கோடு எங்க இருந்துச்சு வெர்னன்? ஒன் குதிர எங்க வந்துச்சு? நான் பின்னாலதான் வந்தேன். பாத்தேன்."

அவன் கெட்ட வார்த்தை சொல்லி எழுந்து போவான், அத்தோடு அன்றைய நாள் நாசமாகும் என்று எதிர்பார்த்தேன். அவன் போகவில்லை. உதட்டில் நிறம் போய்விட்டது. கண் என்னை விட்டு விலகப் பார்த்து முடியாமல் திரும்பியது. அவனுக்கு எழுதியிருந்த வசனமே "நான் செய்யல" என்பதுதான். அதைச் சொன்னான். குரல் வரவில்லை, காற்றுதான் வந்தது.

"கட். இதுதான்யா நான் கேட்டது" என்றார் கிம்பல்.

எல்லோரும் கைதட்டினார்கள். கெடுக்கப் போய் அவனை நானே தூக்கிவிட்டேன்.

என் குரலை வெட்டிவிட்டார்கள், அவன் முகம் திரைக்குப் போனது. பத்திரிகைகள் பாராட்டின, போஸ்டரின் அடியில் பெயர் வந்தது. எல்லாம் கண்ணாடி முன் பழகிய பழக்கம் என்று பேட்டி கொடுத்தான் அந்தப் பாவி. அடுத்த கம்பெனி இன்னும் பெரிய வேஷம் தந்தது. அவர்களுக்கும் அதே முகம்தான் வேண்டும்.

ஹாலிவுட்டில் கௌவர் தெரு முனையில் வேலைக்குக் காத்திருப்பவர்கள் காப்பி குடிக்கும் கடைக்கு ஒரு நாள் வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தான்.

"வியாழக்கெழம வந்து கேமரா பக்கத்துல நில்லு கிளீவ். ஒத்திகையில பாத்துட்டேன், நீ இல்லாம அந்த மொகம் வர மாட்டேங்குது."

"வர்றேன். கோட்டத் தாண்டுனது நான்தான்னு இங்க சொல்லு. இவங்க காதுல விழுற மாதிரி."

கடையில் பேச்சு நின்றது. அவன் குரலைத் தாழ்த்தினான்.

"தனியா சொல்றேன். ஹார்லன்ட்ட நேர்லயே போய்ச் சொல்றேன்."

"அவன் பேரக் கெடுத்தப்ப தனியாவா கெடுத்த?"

கோப்பையைச் சுற்றிச் சுற்றி நகர்த்திக்கொண்டிருந்தான். சொல்லிவிடுவான் என்றுதான் நினைத்தேன். வாய்கூடத் திறந்தான்.

"புழுதி கிளீவ்" என்றான். "புழுதியில யாருக்கு என்ன தெரியும்."

எழுந்து போய்விட்டான்.

வியாழக்கிழமை அவன் நான் இல்லாமலே போய் மாலைவரை கேமரா முன் நின்றானாம். முகம் அசையவில்லையாம். மறுநாள் வேஷத்தை வேறொருவனுக்குக் கொடுத்துவிட்டார்கள். கேட்டதும் எனக்கு இனித்தது. உடனே பேக்கர்ஸ்ஃபீல்டுக்குப் போன் போட்டு, காப்பிக்கடையில் நடந்ததிலிருந்து அவன் அவமானப்பட்டதுவரை ஒன்றுவிடாமல் ஹார்லனிடம் சொன்னேன்.

ஹார்லன் சிரிக்கவில்லை.

"அப்ப அவன் சொல்லவே இல்லையாண்ணே?" என்று கேட்டான்.