ஹெல்மெட் மேல் கொட்டிய இட்லி மாவு

சென்ற வருடம் பங்குனி மாதம், திண்டிவனத்தில் நாங்கள் குடியிருக்கும் வீட்டில் நடந்தது இது. கணவர் விழுப்புரத்துக்கு வேலைக்குப் போய்விட்டார். வீட்டில் நானும் மாமியாரும் மட்டும். எங்கள் இருவருக்கும் ஏழாம் பொருத்தம். நான் கரைத்தால் மாவு பொங்காதாம். அதனால் அரைத்த இட்லி மாவில் உப்பைப் போட்டு அவரேதான் கையால் கரைப்பார். அன்று மதியமும் அடுப்படியில் குண்டான் நிறைய மாவைக் கரைத்துக்கொண்டிருந்தார்.

வாசலில் ஹெல்மெட் போட்ட ஒருவன் வந்து குடிக்கத் தண்ணீர் கேட்டான். தாகம் என்று வந்தவரைத் திருப்பி அனுப்புவது எங்கள் பக்கத்தில் வழக்கமில்லை. ஹெல்மெட்டைக் கழற்றாமல் எப்படிக் குடிப்பான் என்று இந்த மண்டுவுக்கு உறைக்கவே இல்லை. சொம்பை நீட்டியதும் அவன் கை என் கழுத்துக்கு வந்துவிட்டது.

கல்யாணத்தன்று மாமியார் தன் கழுத்திலிருந்து கழற்றி எனக்குப் போட்ட சங்கிலி அது. இதைப் பறிகொடுத்துவிட்டு அவர் முகத்தில் எப்படி விழிப்பது? அந்தப் பயத்தில் இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். அவன் இழுக்க இழுக்கக் கழுத்தை அறுத்தது. படியில் விழுந்தும் நான் விடவில்லை. சொம்பு படியில் உருண்டு கடகடத்தது.

பல்லியைப் பார்த்தாலே அலறுகிற என் மாமியார், சத்தம் கேட்டுக் குண்டானோடு ஓடிவந்து, மாவு மொத்தத்தையும் அவன் தலையில் கவிழ்த்தார். ஹெல்மெட் கண்ணாடி முழுக்க மாவு. அவன் துடைக்கத் துடைக்க இன்னும் அப்பிக்கொண்டது. போதாதென்று காலிக் குண்டானாலேயே 'ணங் ணங்'கென்று நாலு போட்டார். சங்கிலியை விட்டுவிட்டு ஓடப் பார்த்தவன் மாவில் வழுக்கி விழ, எதிர்வீட்டுக்காரர்கள் வந்து அமுக்கிவிட்டார்கள்.

"சங்கிலி பத்திரமா இருக்குது அத்தை" என்று காட்டினேன். அவர் அதைப் பார்க்கவே இல்லை. என் கழுத்துக் காயத்தில் மஞ்சளைக் குழைத்துப் பூசிக்கொண்டே வைதார்.

"போனா போவுதுன்னு ஜல்தியா உட்டுத் தொலைக்கறதுதானே? உனக்கு ஒண்ணுன்னா நான் யாருகூட சண்டை போட்டுக்கினு இருப்பேன்?"

நான் ஓவென்று அழுதுவிட்டேன்.

எங்கள் சண்டையெல்லாம் ஒன்றும் குறையவில்லை. ஆனாலும் அவருக்குப் பயந்து ஒரு சங்கிலிக்காக நான் உயிரைக் கொடுக்க இருந்ததையும், எனக்காக அவர் தன் உயிரை நினைத்தே பார்க்காததையும் எண்ணினால், சண்டைக்கு நடுவிலேயே அவர்மேல் பாசம் பொத்துக்கொண்டு வருகிறது.