மாலை போடாத படம்

சென்னையில் நாடகம் பார்க்கப் போகிறேன் என்று யாரிடம் சொன்னாலும் முதல் கேள்வி ஒன்றுதான்: "காமெடியா?" கொட்டிவாக்கத்தில் எங்கள் குடியிருப்பின் காவலாளி கேட்டார், பல் மருத்துவர் கேட்டார், அடையாறு காய்கறிக் கடைக்காரரும் கேட்டார். இல்லை என்றால் அடுத்த கேள்வி: "எத்தனை மணிக்கு முடியும்?" கணவரின் வேலைக்காக இங்கே வந்து பதினொரு வருடமாகிறது. நாள் தவறாமல் நாட்குறிப்பு எழுதுகிறவள் என்பதால் இதையும் குறித்து வருகிறேன். எதைப் பற்றிய நாடகம் என்று இதுவரை கேட்டவர் ஒருவர்தான். அவரும் பாஸ் கிடைக்குமா என்று அறியத்தான் பேச்சை வளர்த்தார்.

என் சொந்த ஊரான பருத்தித்துறையில் இருந்து இதை வாசிப்பவர்களுக்கு இது விநோதமாகப் படும். நான் பள்ளிக்கூடம் படித்த காலத்தில், ஒரு பின்னேரம், மைதானத்து வேம்பின் கீழ் ஒரு நாடகம் போட்டார்கள். மேடை கிடையாது. ஒரு தாய் தன் மகனைத் தேடி ஓர் அதிகாரியிடம் வருகிறாள். அதிகாரியாக நடித்தவர் எங்கள் கணக்கு வாத்தியார். பாதியில் கூட்டத்திலிருந்து ஓர் அம்மா எழும்பி நேரே அவர் முன்னால் போய் நின்று, "என்ர பிள்ளையும்தான் வரேல்லை. அவன் எங்க? சொல்லும்" என்று கேட்டார். வாத்தியாருக்கு அடுத்த வசனம் இருந்தது. அவர் அதைச் சொல்லவில்லை. தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, அந்த அம்மா தானாகப் போய் உட்காரும்வரை தலைகுனிந்து நின்றார். பிறகு நாடகம் விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தது. கதையும் நாடகமும் வாழ்வின் பெரிய கேள்விகளோடு மல்லுக்கட்டுகின்றன என்று யாராவது மைக்கில் பேசும்போதெல்லாம் நான் அந்தத் தொப்பியை நினைத்துக்கொள்கிறேன். பதில் தெரியாதபோது ஒரு கலைஞன் செய்யக்கூடிய நேர்மையான காரியம் அதுதான்.

இந்த வருடம் மயிலாப்பூரில் ஓர் அமெச்சூர் குழு என்னைத் தேடி வந்தது. அதை நடத்துபவர் ரகுராமன், ஓய்வுபெற்ற வங்கி அதிகாரி. அவரே எழுதி இயக்குகிறார். போர்க்காலத்தில் காணாமல் போன அண்ணனுக்காகக் காத்திருக்கும் ஒரு தங்கையின் கதை. நடிகர்களுக்கு எங்கள் ஊர்ப் பேச்சைத் திருத்திக் கொடுப்பது என் வேலை. ஆறு வாரம் திருத்தினேன். கடைசிக் காட்சியில் தங்கை அண்ணனின் படத்தை வாசல் கதவைப் பார்க்கத் திருப்பி வைத்துவிட்டுப் பக்கத்தில் உட்காருகிறாள். விளக்கு அணைகிறது. அவ்வளவுதான். அந்த முடிவுக்காகவே நான் ஒப்புக்கொண்டேன். "நிஜ முகமா இருந்தா அதோட வெயிட்டே வேற, மேடம்" என்று ரகுராமன் கேட்டபோது, என் அண்ணாவின் படத்தையே கொடுத்தேன்.

அண்ணா போர்க்காலத்தில் ஒருநாள் பேக்கரிக்குப் பாண் வாங்க சைக்கிளில் போனார். திரும்பி வரவில்லை. அவர் படத்துக்கு எங்கள் வீட்டில் இன்றுவரை மாலை போட்டதில்லை. பொட்டு வைத்ததில்லை, முன்னால் விளக்கு ஏற்றியதில்லை. ஒருமுறை உறவினர் ஒருவர் நல்லெண்ணத்தில் ஒரு மாலையோடு வந்தபோது அம்மா வாசல் படலையிலேயே மறித்துச் சொன்னார்: "மாலையோட வாறவைக்கு இந்த வீட்டில தேத்தண்ணியும் இல்லை." அந்த மனிதர் மாலையைச் சைக்கிள் கைப்பிடியில் தொங்கவிட்டுக்கொண்டு திரும்பிப் போனார்.

முதல் காட்சி நாளன்று மாலை ஐந்தரை மணிக்கு மேடைக்குப் பின்னால் போனேன். அண்ணாவின் கழுத்தில் சந்தன மாலை. நெற்றியில் குங்குமம். முன்னால் ஒரு சிறிய விளக்கு. மேடைப் பொருட்களைப் பார்த்துக்கொள்ளும் ஏழுமலை படத்தின் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"என்ன ஏழுமலை இது?"

"இன்னா மேடம், நல்லா கீதா? பூ மாலைன்னா வாடிப்பூடும். அதான் சந்தனத்துல பாத்து எட்னு வந்தேன்."

"யார் போடச் சொன்னது?"

"சார்தான். நேத்தே சீன மாத்திட்டாரே, உங்களாண்ட சொல்லலியா?"

ரகுராமன் கையில் காபி டம்ளரோடு வந்தார். "சின்ன சேஞ்ச்தான் மேடம். தங்கை விளக்கேத்தி நமஸ்காரம் பண்றா. ஜனங்களுக்கு ஒரு முடிவு வேணும். ஒண்ணரை மணி நேரம் ஒக்காந்துண்டு பாத்துட்டு, ஆத்துக்குப் போறச்சே பாரத்தோட போகப்படாது பாருங்கோ."

"மாலையைக் கழட்டுங்கோ."

"மாலை இல்லேன்னா எப்படிப் புரியும்? உயிரோட இருக்கார்னு நெனச்சுப்பா."

"நினைக்கட்டும்."

"சரி, அவர் உயிரோட இருக்காரா?"

கொடுமையாகக் கேட்கவில்லை அவர். விண்ணப்பத்தில் விடுபட்ட கட்டத்தை நிரப்புகிறவர் போலக் கேட்டார். அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. எங்கள் நாட்டில் இதே கேள்வியை மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர்கள் கேட்டார்கள். மரணச் சான்றிதழ் தருகிறோம், ஒரு கையெழுத்துப் போடுங்கள், கோப்பை மூடிவிடலாம் என்றார்கள். அம்மா கையெழுத்துப் போடவில்லை. அரசாங்கத்தால் மூட முடியாத கோப்பை இங்கே ஒரு நாடகம் மூடுகிறது, விளக்கேற்றி, கைதட்டலும் வாங்கிக்கொண்டு. எதற்காக? பார்க்க வந்தவர்கள் நிம்மதியாகத் தோசை சாப்பிட வேண்டும் என்பதற்காக. துண்டறிக்கையில் மட்டும் 'மானுடத்தின் விடையில்லாக் கேள்வி' என்று கொட்டை எழுத்தில் போட்டிருக்கிறார்கள்.

மாலையை நானே கழற்றினேன். சேலைத் தலைப்பால் குங்குமத்தைத் துடைத்தேன். படத்தைப் பையில் வைத்தேன். "பழைய முடிவு இல்லையென்றால் படமும் இல்லை, நானும் இல்லை" என்றேன். ரகுராமன் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். திரை தூக்க இருபது நிமிடம் இருந்தது. "இப்போ வேற படத்துக்கு எங்க போறது? பழசே இருக்கட்டும்" என்று சலித்துக்கொண்டார். நான் சொன்னது அவருக்குப் புரிந்தது என்று எழுதினால் பொய்யாகிவிடும். கடிகாரம்தான் என் பக்கம் நின்றது.

நாடகம் முடிந்து விளக்கு அணைந்த பிறகும் பலர் இன்னொரு காட்சி வரும் என்று காத்திருந்தார்கள். பக்கத்து இருக்கை மாமி என் பக்கம் திரும்பினார். "கடைசில அந்தப் பிள்ளை வந்தானா இல்லையா? ஒண்ணும் சொல்லாம முடிச்சுட்டாளே, என்ன அநியாயம் இது!"

"ஓம், அநியாயம்தான்" என்றேன். நான் நாடகத்தைச் சொல்கிறேன் என்று நினைத்து, அவர் திருப்தியாகத் தலையாட்டிவிட்டு எழுந்தார்.

அடுத்த சனிக்கிழமை தி. நகரில் இரண்டாவது காட்சி. அதுவரை படம் ஏழுமலையிடம் இருந்தது. அரங்கத்துக்குப் போனதும் அவராகவே வந்து சொன்னார்: "பொட்டில போட மன்சு வர்ல மேடம். மாம்பலத்துல நம்ம வூட்லயே டிவி பக்கத்துல வெச்சிருந்தேன். யார்யா இதுன்னு சம்சாரம் கேட்டுச்சு. மேடத்தோட அண்ணன், ஊர்ல கீறாருன்னேன். எந்த ஊருன்னுச்சு. கேட்டுனு வந்து சொல்றேன்னேன். எந்த ஊரு மேடம்?"

பருத்தித்துறை என்று சொல்ல வாயெடுத்தேன். அங்கே அவர் இல்லை. இல்லை என்று சொல்லவும் வாய் வரவில்லை. ஏழுமலை என் முகத்தைப் பார்த்தார். படத்தை எடுத்துப் போய், கடைசிக் காட்சிக்கு வைக்கிறபடி கதவைப் பார்க்க வைத்துக் கோணம் சரியா என்று சோதித்தார். பலகையில் செய்து நீலம் பூசிய கதவு அது. எங்கள் வீட்டு வாசல் கதவின் நிறத்தை அவர்களுக்குச் சொல்லிக் கொடுத்தது நான்தான். மாலையில்லாத கழுத்தோடு அண்ணா அதைப் பார்த்துக்கொண்டிருந்தார். காற்று வரட்டும் என்று ஏழுமலை அந்தக் கதவைத் தள்ளித் திறந்தார். அதற்கு அப்பால் எங்கள் வீட்டு முன்னால் ஓடும் குறுகிய ஒழுங்கை இல்லை. மேடையின் பின்வாசல் வழியாகப் பார்த்தால், துணிப்பைகளைத் தூக்கிக்கொண்டு உஸ்மான் சாலை போய்க்கொண்டிருந்தது.