நாற்பத்தேழு புள்ளிகள்

பென்சில் முனையை நாக்கில் நனைத்துக்கொண்டு, என் கடைச் சுவரில் தொங்கும் காலண்டரில் புள்ளி வைத்துக்கொண்டிருக்கிறார் வக்கீல் குமாஸ்தா. ஒரு நாளுக்கு ஒரு புள்ளி. ஞாயிற்றுக்கிழமைக்கும் உண்டு. தீர்ப்பு வந்த நாளை விட்டுவிடுவார். நகல் பிரிவில் காகிதம் கிடந்த நாட்களையும் அப்பீலுக்கு உண்டான கெடுவையும் கழித்துவிடுவார். மிச்சம் இருப்பதுதான் தாமதம். ஒருமுறை எண்ணினால் எண்ணியதுதான், மறுமுறை எண்ண மாட்டார். வேலை முடிந்ததும் ரப்பரால் அழித்து, தூளை ஊதிவிட்டுப் போவார். காலண்டர் என்னுடையதாயிற்றே.

கோர்ட் வாசலுக்கு எதிரே ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன். இவர் மாடியிலிருக்கும் வக்கீலிடம் பதினெட்டு வருஷமாக இருக்கிறார். கெடு தாண்டி ஓடிவருகிறவர்களுக்கெல்லாம் தாமத மன்னிப்பு மனு தட்டுவது இவர்தான். அதனால் கோர்ட்டில் இவருக்கு ‘நாளெண்ணி’ என்று பெயர்.

“நாள் எத்தனைங்கிறது பெரிசில்லண்ணே. ஏன் வரலைன்னு நம்புற மாதிரி சொல்லணும்” என்பார். தன் வழக்கு முடிந்ததே தெரியாமல் இருந்த ஒரு கிழவிக்குத் தொள்ளாயிரம் நாளை மன்னித்தார்கள். ‘வேலைப்பளு’ என்று எழுதிய கம்பெனிக்கு நாலு நாள்கூடக் கிடைக்கவில்லை. சொல்ல ஒன்றுமே இல்லாமல் வருகிறவர்களுக்கென்று மஞ்சள் காமாலையைக் கைவசம் வைத்திருக்கிறார். “இந்தக் கையால நாப்பது பேருக்குக் காமாலை வர வச்சிருக்கேன். ஒருத்தரும் பத்தியம் இருக்கல.” சொல்லும்போது முகத்தில் சிரிப்பு இருக்காது.

மத்தியானம் கடைக்குப் பின்னால் ஸ்டூல் போட்டு, சுவரைப் பார்த்துச் சாப்பிடுவார். டப்பா ஒன்று, ஸ்பூன் இரண்டு. சின்ன ஸ்பூனின் பிடியில் வாத்துத் தலை இருக்கும். அதில் சாப்பிட்டு நான் பார்த்ததில்லை. ஆனால் தினமும் அதையும் சேர்த்துக் கழுவி வைக்கிறார்.

அது மகளுடையது. ஒன்பது வயது. மனைவி பிரிந்து போனபோது கூட்டிக்கொண்டு போய்விட்டாள். பிள்ளை தன்னிடம் இருக்கவேண்டும் என்று இவர் போட்ட வழக்கு தோற்றது. மாதம் ஒருமுறை, ஒரு மணி நேரம், கோர்ட் அறையில் வைத்துப் பார்த்துக்கொள்ளலாம் என்று தீர்ப்பு. ஊருக்கெல்லாம் நாள் எண்ணுகிற மனுஷன், தன் கெடுவைக் கோட்டை விட்டார். இந்த முறை காலண்டரில் இருக்கும் நாற்பத்தேழு புள்ளியும் இவருடையதுதான்.

கோர்ட்டில் தீர்ப்பைப் பார்த்து வந்து அப்பீலை வக்கீலே எழுதிவிட்டார். தாமத மனு இவர் பாடு. நேற்று வக்கீல் என் கடையிலேயே சத்தம் போட்டார்.

“யோவ், காமாலைன்னு போட்டுத் தொலையேன்யா. சர்டிபிகேட் நான் வாங்கித் தரேன்.”

“இது பாப்பா கேசுங்கய்யா.”

“அப்போ இத்தனை நாளும் என்னதான்யா பண்ணே?”

இவர் பென்சிலைச் சீவ ஆரம்பித்தார். வக்கீல் தலையில் அடித்துக்கொண்டு மாடியேறினார். அவர் போன பிறகுதான் இவர் என்னிடம் விஷயத்தைச் சொன்னார். தீர்ப்பு நகல் கைக்கு வந்த அன்றே, படிக்காமல் உறைக்குள் போட்டுக் கோந்து தடவி ஒட்டிவிட்டாராம்.

“ஜட்ஜம்மா பாப்பாவைத் தனியா ரூமுக்குக் கூப்பிட்டு, யார்கிட்ட இருக்கப் பிடிக்கும்னு கேட்டாங்க. அவ என்ன சொன்னாங்கிறது அதுல இருக்கும்ணே. பிரிச்சுப் பாக்கலாம்னு தினம் கையில எடுப்பேன். திரும்ப டிவி மேலயே வச்சிடுவேன்.”

“இதையே எழுதுய்யா.”

“இதுக்கெல்லாம் மன்னிப்பாங்களா?”

எனக்கென்ன தெரியும்? “காமாலையை நம்புறவங்க இதை நம்ப மாட்டாங்களா” என்று சொல்லி வைத்தேன்.

இன்று தட்டி எடுத்து வந்துவிட்டார். உறை விஷயம் ஒன்பதாம் பத்தியில் இருந்தது, நாலே வரி. கோர்ட் கவுண்டரை நாலரைக்கு மூடிவிடுவார்கள். தவறினால் நாளைக்கு நாற்பத்தெட்டு. மணி நாலு ஆகியிருந்தது. மனுவை மூன்று செட் போட்டேன்.

“தீர்ப்பு நகலும் சேர்த்து வைக்கணும்ல?”

பையிலிருந்து உறையை எடுத்தார். ஒட்டியது ஒட்டியபடியே இருந்தது.

“நீங்களே பிரிச்சிடுங்கண்ணே.”

நீட்டிவிட்டுத் திரும்பிக்கொண்டார். நான் உறையைக் கிழித்தேன். முதல் பக்கத்தைக் கண்ணாடியில் கவிழ்த்து வைத்து மூடியை அழுத்தினேன். மெஷின் ஓடத் தொடங்கியதும், அவர் காலண்டருக்கு நெருக்கமாகப் போய் நின்று, பென்சில் முனையால் முதல் புள்ளியைத் தொட்டு, ஒன்றிலிருந்து மறுபடியும் எண்ண ஆரம்பித்தார்.