பாஸ்கர் சாரும் மீட்டிங் ரூம் கண்ணாடியும்

இன்று காலை ஒரு கண்ணாடி என் மானத்தை வாங்கிவிட்டது!

திருமுடிவாக்கத்தில் ஒரு ஃபேப்ரிகேஷன் கம்பெனி ஆபீஸில் வேலை பார்க்கிறேன். இன்றோடு என் புரொபேஷன் முடிகிறது. வேலையை நிரந்தரமாக்கிக் கையெழுத்துப் போட வேண்டியவர் மேனேஜர் பாஸ்கர் சார்.

சார் நல்லவர்தான். ஆனால் தன் அழகு மேல் அப்படி ஒரு காதல்! (மழையிலும் கூலிங் கிளாஸ்.)

எங்கள் மீட்டிங் ரூம் கண்ணாடியில் கறுப்பு ஃபிலிம் ஒட்டியிருக்கும். வெளியே வராந்தாவில் நிற்பவருக்கு அது முகம் பார்க்கும் கண்ணாடி. உள்ளே இருக்கும் எங்களுக்கு ஊமைப்படம்!

தினமும் சார் அங்கே நின்று சீவுவார், சிரிப்பார், வயிற்றை உள்ளே இழுப்பார். சத்தமே கேட்காது. டப்பிங் அடியேன்.

நேற்று வெளிப்பக்கம், அவர் நெற்றி உயரத்துக்கு என் ஸ்டிக்கர் பொட்டை ஒட்டிவைத்தேன். பாவம், கர்சீஃபால் நெற்றியைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தார்! கடைசியில் பொட்டைப் பிய்த்துப் பர்ஸில் வைத்துக்கொண்டார். யார் வேலை என்று கேட்கவே இல்லை. அதுதான் உறுத்தியது.

இன்றும் விடாத மழை. வெளியே ஒரே இருட்டு. உள்ளே எல்லா டியூப் லைட்டும் எரிந்தது.

சார் வந்து சீப்பை எடுத்தார். நான் எழுந்து, பேனாவைச் சீப்பாக்கி, இடுப்பை ஆட்டி ஆரம்பித்தேன். "அடடா பாஸ்கரா, உன்னை அடிச்சிக்க ஆளே இல்லடா!"

அக்கவுண்ட்ஸ் முரளி அண்ணா விழுந்து விழுந்து சிரித்தார்.

சார் சீவுவதை நிறுத்தினார். உற்றுப் பார்த்தார். பர்ஸைத் திறந்து எதையோ எடுத்தார்.

"இன்னா பண்றாரு இவரு?" என்றார் முரளி அண்ணா.

சார் ஒரு கண்ணை மூடிக் குறி பார்த்து, சரியாக என் நெற்றிக்கு நேரே அந்தப் பொட்டைக் கண்ணாடியில் ஒட்டினார்!

"அண்ணா, அவருக்கு நாம தெரியறோம்!"

"உள்ள வெளிச்சம், வெளிய இருட்டு. தெரியாம இன்னாம்மா பண்ணும்? போச்சு போ!"

கதவு திறந்தது. சார் கையில் என் கன்ஃபர்மேஷன் பேப்பர். பேனாவை முதுகுக்குப் பின்னால் ஒளித்தேன்.

"சுதா, நடிப்பெல்லாம் ஓகே. ஆனா நான் லெஃப்ட் ஹேண்ட்லதாம்மா சீவுவேன். அதைக்கூடவா கவனிக்கல?"

கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார் (இடது கையால்!). அப்பாடா என்று இருந்தது.

உட்கார்ந்த பிறகுதான் உறைத்தது. மழை நேற்றும் பெய்தது. லைட் நேற்றும் எரிந்தது.

அப்படியென்றால் நேற்று அவர் நெற்றியைத் துடைத்தது எங்களுக்காகவா?! மக்களே, நீங்களே சொல்லுங்க, இந்த ஊமைப்படத்துக்கு ஆடியன்ஸ் யாரு?