ஹோர்முஸ் தீவுக்காரனுக்காகக் கால்வெஸ்டனில் பெண் கேட்டது

1998 ஏப்ரல் 4, சனிக்கிழமை. காலை ஆறரை மணிக்கு ரவுண்ட் ராக்கில் எங்கள் அபார்ட்மென்ட் வாசலிலிருந்து கிளம்பினோம். முன்சீட்டில் நானும் உங்கள் அம்மா செல்வியும், பின்சீட்டில் யூசுஃப். மீனா, அருண், உங்கள் இருவரையும் பக்கத்து வீட்டு ஆன்ட்டியிடம் விட்டுப் போனதற்கு இரண்டு நாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டீர்கள். "நாட் ஃபேர் அப்பா" என்றாள் மீனா. நியாயம்தான். அதனால் போன இடத்தையும் பார்த்த மனிதர்களையும் கேட்ட கதைகளையும் எழுதுகிறேன். ஞாயிற்றுக்கிழமைத் தமிழ் வகுப்பில் மற்றப் பிள்ளைகளும் வாசிக்கலாம்.

யூசுஃப் மாமாவை உங்களுக்குத் தெரியும். கம்ப்யூட்டர்ப் பெட்டிகளுக்குத் திருகு முடுக்கும் எங்கள் வரிசையில் எனக்கு அடுத்த ஆள். கறுத்த நிறம், சுருட்டை முடி. எந்த ஊர் என்று கேட்டு, ஈரான் என்று அவன் சொன்னால் ஒருவரும் நம்ப மாட்டார்கள். ஈரானின் தென்கோடியில், கடலை ஒட்டி, ஹோர்முஸ்கான் என்று ஒரு மாகாணம் இருக்கிறது. அதன் எதிரே, பாரசீக வளைகுடாவின் வாசலில் உள்ள ஹோர்முஸ் தீவு அவன் ஊர். அவன் முன்னோரில் சிலர் ஆப்பிரிக்காவின் சான்சிபார் பக்கமிருந்து அடிமைகளாகப் படகில் கொண்டுவரப்பட்டவர்கள். அந்தக் கரையில் அப்படி நிறையக் குடும்பங்கள் உண்டாம்.

நாங்கள் போனது பெண் கேட்க. கால்வெஸ்டனில் அந்த மாகாணத்துக் குடும்பம் ஒன்று இருக்கிறது. மகள் மரியம் அங்கே நர்ஸ் படிப்பு படிக்கிறாள். அவளும் யூசுஃபும் போன வருடம் ஹூஸ்டனில் ஓர் ஈரானியப் புத்தாண்டுப் பிக்னிக்கில் பழக்கமானவர்கள். பெண்ணின் அப்பா ஒரே ஒரு நிபந்தனைதான் போட்டிருந்தார்: "பையன் தனியா வந்து கேட்டா பேச மாட்டேன். பெரியவங்க யாராவது வரணும்." யூசுஃபின் அப்பா கடலில் இறந்துவிட்டார். அம்மாவுக்கு விசா கிடைக்கவில்லை. அடுத்த ஞாயிறு ஹூஸ்டனிலிருந்து வேறொரு குடும்பம் மரியத்தைப் பார்க்க வருவதாக ஏற்பாடாகிவிட்டது.

"அண்ணா, நீங்க வந்து பேசுங்க" என்றான். அண்ணா என்ற ஒரு தமிழ்ச் சொல்லை என்னிடம்தான் கற்றுக்கொண்டான்.

ரவுண்ட் ராக்கிலிருந்து கால்வெஸ்டன் ஏறத்தாழ இருநூற்றுப் பதினைந்து மைல். எல்கினில் கேஸ் போட்டோம், கேலன் தொண்ணூற்றேழு காசு. 290-ஆம் சாலையில் பிரென்னம் வரை இரண்டு ஓரமும் ஊதாப் பூக்கள், புல்லே தெரியவில்லை. செல்வி காரை நிறுத்தச் சொன்னாள். யூசுஃப் கைக்கடிகாரத்தைப் பார்த்தான். நிறுத்தவில்லை.

ஒன்பதே முக்கால். ஹூஸ்டனில் ஹில்கிராஃப்ட் தெருவில் இறங்கி வெற்றிலை, தேங்காய், ஒரு ரோஜாக்கொத்து, ஒரு பெட்டி மைசூர்பாகு வாங்கினோம். ரோஜாக்கொத்தும் இனிப்பும் கொண்டுபோவது பையன் வீட்டார் வேலை என்று யூசுஃப் சொன்னான்.

"பையன் வீட்டுக்காரங்க நாம வாங்கிட்டுப் போகணுமா?" என்று எனக்கு ஆச்சரியம்.

"ஏங்க, அங்க அப்படித்தான்னா அப்படித்தான். பேசாம ட்ரைவ் பண்ணுங்க. 45-க்கு எக்ஸிட் மிஸ் பண்ணிடாதீங்க" என்றாள் செல்வி.

பதினொன்றரைக்குப் பெரிய பாலத்தைக் கடந்தோம். பாலம் ஏறும்போதே உப்புக்காற்று. தூத்துக்குடித் துறைமுகச் சாலையில் அடிக்கும் அதே காற்றுதான், டீசல் வாசனை கொஞ்சம் கூட. கால்வெஸ்டனும் ஒரு தீவுதான். இங்கே புயல் வெள்ளத்துக்குப் பயந்து வீடுகளைத் தூண்கள் மேல் தூக்கிக் கட்டுகிறார்கள். அடியில் கார், மேலே வீடு. பெண் வீட்டின் அடியில் இறால் வலைகள் காய்ந்தன. மரியத்தின் அப்பாவை எல்லாரும் நாகுதா என்று கூப்பிடுகிறார்கள். கப்பல் தலைவர் என்று பொருள், நம் கடற்கரையிலும் அந்தச் சொல் உண்டு. மரக்கலத்தில் பந்தர் அப்பாஸிலிருந்து பம்பாய்க்கும் துபாய்க்கும் சரக்கு ஏற்றியவர். இப்போது இறால் படகுகளின் எஞ்சின் பழுது பார்க்கிறார்.

படிக்கட்டின் உச்சியிலேயே நின்று என்னைப் பார்த்து மடமடவென்று ஹிந்தியில் பேசினார். நான் விழித்தேன்.

"ஹிந்தி தெரியாதா? அப்போ நீ என்ன இந்தியன்?"

"தமிழ், சார்."

"ஓ, மதராஸி! பம்பாயில என்கிட்ட ஒரு மதராஸி சமையல்காரன் இருந்தான். அவனும் இப்படித்தான் முழிப்பான். வா, வா."

அதன் பிறகு ஆங்கிலம்தான். அவருடையதும் உடைசல், என்னுடையதும் உடைசல். நம் பேச்சில் எழுதுகிறேன்.

அவர் மனைவி சைனப் மினாப் என்ற ஊரைச் சேர்ந்தவர். முகத்தின் பாதியை மறைத்து, சிவப்புத் துணியில் பூவேலை செய்த ஒரு சதுர முகமூடி அணிந்திருந்தார். கண்கள் மட்டும் சிரித்தன. வெளி ஆண்கள் வந்தால் அந்த ஊர்ப் பெண்கள் இதைப் போட்டுக்கொள்வார்கள். தீவுப் பெண்கள் போடுவது வேறு வடிவம், மூக்குக்கு நேராக மீசை போல இருக்குமாம். கடலிலிருந்து எதிரி பார்த்தால் ஆண் வீரர்கள் காவல் நிற்பதாக நினைக்கட்டும் என்று தொடங்கியதாகச் சொல்கிறார்கள். கதையா நிஜமா, அவருக்கும் தெரியவில்லை.

"வந்த புதுசுல இதோடயே பேங்க்குக்குப் போயிட்டா. எல்லாரும் கையைத் தூக்கிட்டாங்க" என்றார் நாகுதா.

"பொய்! ஒருத்தர்தான் தூக்கினார்" என்றார் சைனப்.

பன்னிரண்டரைக்குச் சாப்பாடு. அருண், நீ மூக்கைப் பொத்திக்கொள்வாய். மெல்லிய ரொட்டியின் மேல் மீனும் கடுகும் ஊறிய ஒரு பழுப்புக் குழம்பைத் தடவிச் சுடுகிறார்கள். கருவாட்டுக் குழம்பைத் தோசையில் தடவினால் எப்படி இருக்கும், அதுதான். ஹோர்முஸ் தீவில் அதிலே சிவப்பு மண்ணையும் சேர்ப்பார்களாம். ஆமாம், மண்ணை! அந்த மலையின் மண் அத்தனை சிவப்பு, சாப்பிடவும் ஏற்றது என்று யூசுஃப் சத்தியம் செய்தான். அடுத்து வந்தது புளியும் கொத்தமல்லியும் வெந்தயமும் போட்ட மீன் குழம்பு. செல்வி ஒரு வாய் வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். "ஏங்க, இது நம்ம வீட்டுக் குழம்புங்க. தேங்காய்தான் இல்ல."

சாப்பிட்டுக்கொண்டே நாகுதா மேசைமேல் ஆரஞ்சுத் தோலைக் கிழித்து வைத்து வரைபடம் காட்டினார். பெரிய தோல் ஈரான், சின்னத் துண்டு ஹோர்முஸ். குடிக்கத் தண்ணீர் இல்லாத தீவு அது. ஆனாலும் ஒரு காலத்தில் உலகத்துச் சரக்கெல்லாம் அங்கே இறங்கியது. போர்த்துகீசியர் பிடித்துச் சிவந்த கல்லில் கோட்டை கட்டி நூறு வருடத்துக்கு மேல் இருந்தார்கள். 1622-இல் ஆங்கிலேயக் கப்பல்களின் துணையோடு ஈரான் அரசர் ஷாவின் படை அவர்களை விரட்டியது. அதன் பிறகு வாணிபம் எதிர்க்கரைக்குப் போய், பந்தர் அப்பாஸ் பெரிய துறைமுகமாயிற்று.

"எங்க தூத்துக்குடியிலயும் அவங்க இருந்தாங்க, முத்துக்காக" என்றேன்.

"முத்து எங்க கடல்லயும் உண்டு. போர்த்துகீசியனுக்கு அதை மோப்பம் பிடிக்கிற மூக்கு." பிறகு விரலை என் பக்கம் நீட்டினார். "உங்க ராஜாக்களுக்கு நாங்கதான் குதிரை அனுப்பினோம், தெரியுமா? கப்பல் கப்பலா. நீங்க என்ன பண்ணீங்க? அரிசியை வேகவச்சுப் போட்டுக் கொன்னீங்க. மறு வருஷம் மறுபடி வாங்கினீங்க. உங்கள மாதிரி வாடிக்கைக்காரங்க யாருக்குக் கிடைப்பாங்க!"

மேசையே சிரித்தது. இது வெறும் கேலி இல்லை, பிள்ளைகளே. பாண்டிய நாட்டில், தூத்துக்குடிக்குத் தெற்கே காயல் துறைமுகத்தில் அந்தக் குதிரைகள் வந்து இறங்கியதைப் பழைய பயணிகள் எழுதியிருக்கிறார்கள். குதிரையைப் பேணத் தெரியாமல் நம்மவர்கள் சாகவிட்டதையும் எழுதியிருக்கிறார்கள். நம் வணிகர்களும் அங்கே போய் இருந்தார்களா என்று கேட்டேன். பந்தர் அப்பாஸ் நடுவில் இந்திய வியாபாரிகள் கட்டிய ஒரு கோயில் கோபுரத்தோடு இன்னும் நிற்கிறது என்றார். மினாபில் மாமரங்கள் இருப்பதாகச் சைனப் சொன்னார்.

"எங்க கரையில ஒரே மண்ணுல செஞ்ச ஆள் கிடையாது. அரபி, பலூச்சி, ஆப்பிரிக்கா, உங்க ஊர் சேட்டு, எல்லாம் கலந்தவங்க. அதனால பையன் நிறத்தைப் பத்தி எனக்குக் கேள்வி இல்ல. அவனுக்காகப் பேச ஆள் இருக்கான்னுதான் கேள்வி" என்று சொல்லிவிட்டு அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

மூன்று மணி இருக்கும். மரியம் தேநீர்த் தட்டோடு வந்தாள். நெடுநெடுவென்று உயரம், கண்ணாடி போட்ட பெண். யார் முகத்தையும் பார்க்காமல் எல்லாருக்கும் கொடுத்தாள். யூசுஃபுக்குக் கொடுக்கும்போது மட்டும் கோப்பை லேசாகச் சத்தம் போட்டது. உள்ளே போய்விட்டாள். யூசுஃபின் வேலை, குணம், சிகரெட் பிடிக்காதது, வாரா வாரம் அம்மாவோடு ஃபோனில் பேசுவது எல்லாவற்றையும் நான் சொன்னேன். செல்வியும் நன்றாகப் பேசினாள். நாகுதா தலையாட்டிக் கேட்டுக்கொண்டார். கடைசியில், "ம். அப்போ என்ன சொல்றீங்க?" என்றார்.

இந்தக் கேள்வி எனக்குப் பழக்கமானது. தம்பிகள், மச்சான்கள் என்று நான்கு பேருக்குப் பெண் பார்த்தவன் நான். தொண்டையைச் செருமிக்கொண்டு, மரியாதையாகச் சொன்னேன்: "ரொம்பச் சந்தோஷம். நாங்க ஊருக்குப் போய்க் கலந்து பேசிட்டுச் சொல்லி அனுப்புறோம்."

சைனபின் கண்களில் சிரிப்பு போய்விட்டது. சமையலறையில் ஒரு தட்டை யாரோ வேகமாக வைத்தார்கள். நாகுதா எழுந்தார். "வழியில பார்த்துப் போங்க. சாயங்காலம் பாலத்துல காத்து ஜாஸ்தி" என்றார். அவ்வளவுதான்.

படியிறங்கி வலைகளுக்கு நடுவே வந்ததும் யூசுஃப் கார்க் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றான். "அண்ணா, நீங்க வேணாம்னு சொல்லிட்டீங்க."

"நானா? நான் எங்கடா வேணாம்னு சொன்னேன்?"

"பெண் கையால தேநீர் வாங்கிக் குடிச்சுட்டு, பையன் வீட்டார் யோசிக்கிறேன்னு சொன்னா வேற என்ன அர்த்தம்?"

செல்வி தலையில் அடித்துக்கொண்டாள். "அய்யோ, நம்ம ஊர் டயலாக்கை இங்க வந்து சொல்லிட்டீங்களே! நம்ம ஊர்லயே பாதிப் பேர் வேணாம்னாதானங்க அப்படிச் சொல்றாங்க? என்னைப் பார்த்துட்டு உங்க மாமாவும் அதையேதான் சொன்னாரு. எங்கம்மா மூணு நாள் சாப்பிடல."

"அது மரியாதைக்குச் சொல்றது, செல்வி."

"யாருக்கு மரியாதை? மேல போங்க. இப்பவே போங்க."

மேலே இருபது படிகூட இருக்காது. எனக்கு மலை மாதிரி இருந்தது. என் வாயால் ஒரு பையனின் வாழ்க்கை போய்விடக் கூடாதே என்று நினைத்துக்கொண்டே கதவைத் தட்டினேன். நாகுதாதான் திறந்தார். உள்ளே வா என்று சொல்லவில்லை.

"சார், எங்க ஊர்ல பெண் பிடிச்சிருந்தாலும் உடனே சரின்னு சொல்ல மாட்டோம். வீட்டுக்குப் போய்ச் சொல்றோம்பாங்க. வாய் பழக்கம், அப்படியே வந்துடுச்சு. எங்களுக்கு மரியத்தைக் கொடுங்க. அதைக் கேட்கத்தான் வந்தோம்."

"பெண் வீட்டுக்காரங்க அதுவரைக்கும் என்ன பண்ணுவாங்க?"

"காத்திருப்பாங்க."

"கைய கட்டிக்கிட்டு?"

"ஆமா, சார்."

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். "யோசிக்கணும்னு சொல்ற உரிமை எனக்குத்தான்யா. நீங்க கேட்பீங்க, நான் இல்லன்னு சொல்வேன். மறுபடி கேட்பீங்க, மறுபடி இல்லன்னு சொல்வேன். ரெண்டு நாளா என்ன சொல்றதுன்னு யோசிச்சு வச்சிருந்தேன். என் வரியை நீ எடுத்துப் பேசிட்டுப் போயிட்ட!" மீசை துடித்தது. கோபமா சிரிப்பா என்று எனக்குத் தெரியவில்லை. "கூப்பிடு உன் பெண்டாட்டியை. அவனையும் கூப்பிடு. முதல்லேருந்து."

மறுபடி உட்கார்ந்தோம். பெண் கேட்டேன்.

"சின்னப் பெண். இன்னும் படிக்கிறா" என்றார் நாகுதா.

இரண்டாம் முறை கேட்டேன்.

"ஒரே பெண். அவ போனா இந்த வீடு இருட்டாயிடும்" என்றார். இதைச் சொல்லும்போது குரல் உண்மையாகவே கம்மியது.

மூன்றாம் முறை நான் கேட்டபோது அவர் எனக்குப் பதில் சொல்லவில்லை. சமையலறை வாசலைப் பார்த்தார். மரியம் அங்கே வந்து நின்றிருந்தாள். அழுத கண். அப்பாவையே பார்த்தாள். அவர் என் பக்கம் திரும்பினார்.

"மைசூர்பாகைத் திற" என்றார்.

யூசுஃப் முகத்தைப் பொத்திக்கொண்டான். அம்மாவுக்கு நாளைக் காலை சொல்கிறேன், தீவில் இப்போது பின்னிரவு, அம்மா வீட்டில் ஃபோனும் இல்லை, பக்கத்து வீட்டாரை எழுப்ப வேண்டும் என்றான். "எழுப்பு. இதுக்கு எழுப்பலைன்னா வேற எதுக்கு?" என்று நாகுதாவே ஃபோனைக் கொண்டுவந்து அவன் மடியில் வைத்தார். யார் யாரோ எழுந்து, யார் யாரோ ஓடி, கடைசியில் அந்த அம்மாவின் குரல் வந்தது. யூசுஃப் கண்ணைத் துடைத்துக்கொண்டு ரிசீவரை என் கையில் திணித்துவிட்டான். அந்தப் பக்கம் கேள்வி மேல் கேள்வி, எனக்கு ஒன்றும் புரியவில்லை. தமிழிலேயே சொன்னேன்: "அம்மா, நல்ல இடம். பெண் கொடுத்துட்டாங்க." அந்த அம்மா குலவை போட்டார். எங்கள் எல்லாருக்கும் கேட்டது.

ஆறு மணிக்குக் கிளம்பினோம். காரில் செல்வியும் யூசுஃபும் பேசிக்கொண்டே வந்தார்கள். எனக்கு வேறு யோசனை. நம் ஊரில் பெண்ணைப் பார்த்துவிட்டுப் பலகாரம் தின்றுவிட்டு எழுந்து போகும் பக்கத்தில்தான் நான் எப்போதும் உட்கார்ந்திருக்கிறேன். கேட்டு நிற்கும் பக்கத்தில் நின்றது இதுதான் முதல் தடவை. நின்றதால் ஒன்றும் குறைந்துவிடவில்லை.

மீனா, உனக்கு ஒன்பது வயதுதான், இது இப்போது வேண்டாத பேச்சு. இருந்தாலும் எழுதி வைக்கிறேன். உன்னைக் கேட்டு நம் வீட்டுக்கு யாராவது வந்தால் மூன்று முறை கேட்கட்டும். மூன்றாம் முறை கேட்கும்போது நான் அவர்களைப் பார்க்க மாட்டேன், உன்னைத்தான் பார்ப்பேன்.