மேட்டில் பார்த்த ஆயில்

என் மனைவி கார் ஓட்டுவாள். எனக்கு ஓட்டத் தெரியாது. ஜவ்வாது மலையில் நாங்கள் குடியிருக்கும் ஊரில் இது எல்லோருக்கும் தெரியும்.

அவள் அங்கே துணை சுகாதார நிலையத்தில் நர்ஸ். நான் அதே ஊர் தொடக்கப் பள்ளியில் ஆசிரியர். செங்கத்தில் இருந்த அவள் அண்ணன் புது வண்டி எடுத்தபோது தன் பழைய சின்னக் காரை அவளுக்குக் கொடுத்துவிட்டார். தடுப்பூசிப் பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டு எப்போதோ வரும் பஸ்ஸுக்கும் ஷேர் ஜீப்புக்கும் காத்துக் கிடந்தவளுக்கு அது பெரிய விடுதலை. நானும் ஓட்டக் கற்றுக்கொள்ளப் போனேன். நான்காவது நாள் ஒரு வளைவில் புளி மூட்டை ஏற்றிய லாரி எதிரே வந்தது. ஸ்டியரிங்கை விட்டுவிட்டுக் கண்களை மூடிக்கொண்டேன். பக்கத்தில் உட்கார்ந்திருந்த டிரைவிங் ஸ்கூல்காரர் தன் பக்கத்துப் பிரேக்கை மிதித்ததால் பிழைத்தோம். அதோடு நான் அந்த சீட்டில் உட்காரவில்லை.

அவள் ஓட்டுவதில் எனக்குப் பொறாமை இல்லை. உண்மையில் பெருமைதான். பொறாமை வேறு இடத்தில் வந்தது.

எங்கள் வீட்டுக்கு மேல் தெருவில் ஒரு ஜீப் டிரைவர் இருக்கிறார். மலைக்காரர், என் வயதுதான் இருக்கும். கொஞ்சம் சாமை நிலம், நான்கு புளியமரம், நெல்லிவாசல்நாட்டுப் பக்கம் ஆள் ஏற்றி ஓட்டும் ஒரு பழைய ஜீப். அவருடைய இரண்டாவது பெண் பிறந்தபோது பிரசவம் பார்த்தது என் மனைவி. அந்த நன்றியில், கார் வந்த வாரமே அவர் வந்து வண்டியைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். பழைய வண்டி ஆயில் குடிக்கும், வாரம் ஒருமுறை அளவு பார்க்காவிட்டால் மலையில் ஏறும்போது இன்ஜின் பிடித்துக்கொள்ளும் என்று சொன்னார். பார்ப்பது எப்படி என்று அவரே சொல்லித் தருவதாகவும் சொன்னார்.

அன்றிலிருந்து ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணிக்கு அது ஒரு வழக்கமாகிவிட்டது. என் மனைவி காரை எடுப்பாள். அவர் முன்சீட்டில் ஏறிக்கொள்வார். இருவரும் ஊர்க்கோடியில் இருக்கும் பாறைக் களத்துக்குப் போவார்கள். சாமை அடிக்கும் அகலமான பாறை அது. எங்கள் வாசலில் நின்று பார்த்தால் இடையில் புளியமரங்கள் மறைக்கும். தூக்கி நிறுத்திய பானெட்டின் முனை மட்டும் இலைகளுக்கு நடுவே தெரியும்.

கார் எங்கள் வீட்டு வாசலில்தானே நிற்கிறது, இங்கேயே திறந்து பார்த்தால் ஆகாதா என்பது என் முதல் கேள்வி. ஆயில் அளவு காட்டும் ஒரு கம்பியை இழுத்துப் பார்ப்பதற்கு இருபது நிமிடம் எதற்கு என்பது இரண்டாவது. இரண்டையும் நான் யாரிடமும் கேட்கவில்லை. கேட்டால் தெரியாதவன் ஆகிவிடுவேன் என்பது ஒரு காரணம். கேட்கிற குரலிலேயே என் மனசு வெளியே தெரிந்துவிடும் என்பது இன்னொன்று. ஓரிரு முறை அவரே, “சார், நீங்களும் வாங்களேன்” என்று கூப்பிட்டார். திருத்த வேண்டிய நோட்டுகள் இருக்கின்றன என்று சொல்லிவிட்டு உள்ளே வந்து, நோட்டைத் திறக்காமல் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

தப்பாக எதுவும் நடக்கிறது என்று நான் ஒருநாளும் நினைக்கவில்லை. அவள் அவரை அண்ணா என்றுதான் கூப்பிடுவாள். அவர் ஊர் முழுக்கச் சொல்வதுபோல சிஸ்டர் என்பார். அந்த இரண்டு வார்த்தைகளும் எனக்கு நிம்மதி தந்திருக்க வேண்டும், தரவில்லை. திரும்பி வரும்போது அவள் முகத்தில் ஒரு தெளிவு இருக்கும். விரல் நுனியில் கறுப்பாக ஆயில் ஒட்டியிருக்கும். சோப்புப் போட்டுக் கழுவிக்கொண்டே, ஆயில் போன வாரத்தைவிடக் கறுத்திருக்கிறது, ஆனால் பிசுபிசுப்பு போகவில்லை, அண்ணா இன்னும் ஆயிரம் கிலோமீட்டர் ஓட்டலாம் என்கிறார் என்று சொல்லிக்கொண்டே போவாள். அவர்கள் இருவருக்கும் மட்டும் தெரிந்த ஒரு பாஷை உண்டாகிவிட்டதைப்போல எனக்கு இருக்கும். நான் இட்லியைப் பிட்டுக்கொண்டு “ம்” கொட்டுவேன்.

ஒரு சின்ன விஷயத்தைச் சொன்னால் என் நிலைமை புரியும். ஆயில் கம்பியைத் துடைக்க அவர் தன் பழைய லுங்கியில் ஒரு துண்டைக் கிழித்துக் கொடுத்திருந்தார். பச்சைக் கட்டம் போட்டது. அது காரின் டேஷ்போர்டுக்குள் எப்போதும் இருக்கும். வேறொருவர் லுங்கித் துண்டு என் மனைவியின் காரில் கிடப்பது என்னைப் படுத்தியது. ஒருநாள் அவள் குளிக்கப் போன நேரத்தில் அதை எடுத்து வேலிக்கு அப்பால் எறிந்துவிட்டு, என் பனியன் ஒன்றைக் கிழித்து மடித்து வைத்தேன். அடுத்த ஞாயிறு அவள் அதைப் பார்த்திருப்பாள். அந்தப் பனியன் துணியிலேயே துடைத்துக்கொண்டு வந்தாள். எனக்கு ஒரு வாரம் சந்தோஷமாக இருந்தது என்று சொல்ல இப்போது வெட்கமாகத்தான் இருக்கிறது.

அந்தத் தை மாதம் அவளுக்குக் கலசப்பாக்கத்தில் ஒரு கூட்டம் இருந்தது. மலை இறங்கிப் போய்த் திரும்ப வேண்டும். அதற்கு முந்தின நாள், ஞாயிறு, ஜீப் டிரைவர் ஊரில் இல்லை, மறுநாள் கீழ்நாட்டில் நடக்கும் உறவுக்காரர் வீட்டுக் கல்யாணத்துக்குப் போயிருந்தார். அதனால் ஆயில் பார்க்கவில்லை. போகிற வழியில் களத்தில் நிறுத்திப் பார்த்துக்கொள்கிறேன் என்று சொல்லிவிட்டு அவள் குளிக்கப் போனாள். அவர் இல்லாத ஒரு வாரம் எனக்கு வாய்த்தது என்று நான் நினைத்தேன்.

கார் எங்கள் வாசலில் மூக்கைத் தூக்கிக்கொண்டு நின்றது. மலைவீடுகளின் வாசல் எல்லாமே ஏற்றம்தான். பானெட்டைத் திறந்தேன். மஞ்சள் வளையம் வைத்த கம்பியை இழுத்தேன், என் பனியன் துணியால் துடைத்தேன், திரும்பச் செருகி எடுத்தேன். பள்ளிக்குப் போகும்போது அவர் தன் ஜீப்புக்கு இப்படிச் செய்வதைப் பல முறை பார்த்திருக்கிறேன். கம்பியின் அடியில் இரண்டு கோடுகள். ஆயில் கீழ்க்கோட்டுக்கும் கீழே, நுனியில் மட்டும் ஒட்டியிருந்தது. அவர் ஒரு வாரம் வராததற்குள் வண்டி இந்தக் கதிக்கு வந்துவிட்டதே, நான் பார்க்காவிட்டால் என்ன ஆகியிருக்கும் என்று நெஞ்சு நிமிர்ந்தது.

டிக்கியில் புது ஆயில் டப்பா ஒன்று இருந்தது, ஒரு லிட்டர். பாதி ஊற்றிவிட்டுக் கம்பியைப் பார்த்தேன். அளவு ஏறவில்லை. மீதியையும் ஊற்றினேன். கொஞ்சம்தான் ஏறியது. பழைய டப்பாவில் அடியில் கிடந்ததையும் கவிழ்த்துவிட்டு மூடியைத் திருகினேன்.

அவள் புடவை கட்டிக்கொண்டு வந்தபோது சொன்னேன். ஆயில் ரொம்பக் குறைவாக இருந்தது, ஊற்றிவிட்டேன் என்று.

“நீங்களா?” என்றாள். அவள் கண்களில் வந்த வெளிச்சத்தை நான் மறக்கவில்லை. நான் எதிர்பார்த்ததற்கும் மேல் சந்தோஷப்பட்டாள். “அப்ப நான் களத்துல நிறுத்திப் பாக்க வேணாம் இல்ல?”

“வேணாம்” என்றேன்.

பதினோரு மணிவாக்கில் நான்காம் வகுப்புக்குப் பெருக்கல் நடத்திக்கொண்டிருந்தேன். பள்ளி வாசலில் ஜீப் வந்து நின்றது. கல்யாண வேட்டியோடு அவர் இறங்கி வந்தார். வகுப்புக்கு வெளியே என்னைக் கூப்பிட்டார்.

“பயப்படாதீங்க சார். சிஸ்டருக்கு ஒண்ணும் இல்ல. வண்டிதான் பொகை தள்ளிக்கினு கீழ வளைவுல நிக்குது. அங்க போன்ல சிக்னல் எடுக்கல. அதான் நானே வந்தேன்.”

தலைமை ஆசிரியையிடம் சொல்லிவிட்டு ஜீப்பில் ஏறினேன். வழியில் அவர் நடந்ததைச் சொன்னார். கல்யாணம் முடிந்து மலை ஏறிக்கொண்டிருந்தவர், ஒரு கொண்டை ஊசி வளைவில் வெள்ளையாகப் புகை மண்டியிருப்பதைப் பார்த்திருக்கிறார். ஓரமாகச் சமதரையில் காரை நிறுத்திவிட்டு என் மனைவி ஒரு கல்லின்மேல் உட்கார்ந்திருந்தாளாம். அவர் கம்பியை எடுத்துப் பார்த்தால் மேல்கோட்டைத் தாண்டி விரலளவு ஆயில் நின்றிருக்கிறது. யார் ஊற்றியது என்று கேட்டாராம்.

“நான்தான் தெரியாம ஊத்திட்டேன்னு சொல்றாங்க சார். எனக்கு நம்பவே முடியல. அவங்க அப்படிப் பண்றவங்க இல்லியே. இன்னா ஆச்சின்னு தெரியல.”

நான் சாலையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை என்பது உறைத்தது. ஆனால் அதற்கு முன்னால், ஒரு நொடி, வேறொன்று உள்ளே போனது. அவர் முன்னால் அவள் மதிப்பு கொஞ்சம் இறங்கிவிட்டது என்பதில் எனக்கு ஒரு திருப்தி. மனைவி நடுக்காட்டில் புகைக்கு நடுவே உட்கார்ந்திருக்கிறாள், எனக்கு அதில் திருப்தி. என்னைப் பற்றி நான் அறிந்தவற்றில் இதைவிடக் கேவலமானது இல்லை.

மூன்று வளைவுகள் கடந்ததும் சொன்னேன். “அவ ஊத்தல. நான்தான் ஊத்தினேன்.”

அவர் கியரை மாற்றினார். பிறகு, “எங்க வெச்சி பாத்தீங்க சார்?” என்றார்.

வாசலில்தான் என்றேன்.

“அது மேடாச்சே. மேட்டுல நின்னா ஆயிலு பின்னால போய்க் குந்திக்கும். கம்பியில கம்மியாத்தான் காட்டும். அதுக்குத்தான் களத்துக்கு எடுத்துக்கினு போறது. ஊர்ல சமமா இருக்கிறது அந்தப் பாறை ஒண்ணுதான். போய் நிறுத்தினாலும் ஒடனே பாக்கக்கூடாது. மேல இருக்கிற ஆயிலு கீழ எறங்கிப் படியணும். பத்து நிமிசம் சும்மா ஒக்காந்திருக்கணும்.”

என் இரண்டு கேள்விகளுக்கும் அவர் பதில் சொல்லிவிட்டார், நான் கேட்காமலேயே. பல மாதங்களாக நான் எண்ணிக்கொண்டிருந்த இருபது நிமிடங்களும் கணக்கில் சரியாக வந்து நின்றன. நான் வேறு பக்கம் திரும்பிக்கொண்டேன்.

வளைவில் என் மனைவி எழுந்து நின்றாள். நான் சொல்லிவிட்டேன் என்பது எங்கள் இருவர் முகத்தையும் பார்த்ததுமே அவளுக்குத் தெரிந்துவிட்டது. கூட்டத்துக்கு இனி போக முடியாது. அந்த வழியாகப் பைக்கில் வந்த ஒருவரிடம், சிக்னல் கிடைக்கும் இடத்தில் போன் செய்து சொல்லச் சொல்லி அனுப்பியிருந்தாள். இன்ஜின் ஆறும்வரை மூவரும் ரோட்டோரம் நின்றோம். பிறகு அவர் கல்யாண வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, ஜீப்பிலிருந்து ஒரு கோணியை எடுத்துக் காருக்கு அடியில் விரித்துப் படுத்தார். அடியில் இருக்கும் போல்ட்டை ஸ்பேனரால் கொஞ்சமாகத் தளர்த்தினார். வாய் வெட்டிய ஒரு டப்பாவை நான் பிடித்துக்கொண்டு மண்டியிட்டிருந்தேன். ஆயில் சூடாக என் மணிக்கட்டில் வழிந்தது. போதும் என்று சொல்லிவிட்டு அவர் போல்ட்டை இறுக்கினார். மீண்டும் பத்து நிமிடம் காத்திருந்து, கம்பியை எடுத்து என் மனைவியிடம் நீட்டினார். அவள் பார்த்துவிட்டுத் தலையாட்டினாள். என் பக்கம் யாரும் நீட்டவில்லை. நீட்டியிருந்தாலும் எனக்குப் பார்க்கத் தெரிந்திருக்காது.

வீட்டில் அவள் இரண்டு நாள் தேவைக்கு மட்டும் பேசினாள். மூன்றாம் நாள் மாலை முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டே கேட்டாள்.

“என்மேல சந்தேகப்பட்டீங்களா?”

“சந்தேகம் இல்ல. பொறாமை.”

“எதுக்கு?”

“அவர்கிட்ட பேசிட்டு வரும்போது உன் மொகம் வேற மாதிரி இருக்கு. எங்கிட்ட பேசினா அப்படி இருக்கறதில்ல.”

அவள் கீரையை முறத்தில் தள்ளிவிட்டு என்னைப் பார்த்தாள். கோபம் இல்லை. “அவர்கிட்ட நான் ஒண்ணு தெரியலன்னு சொன்னா சொல்லித் தந்துட்டு விட்டுடுவாரு. உங்ககிட்ட சொன்னா நீங்க வாத்தியாராயிடறீங்க. அடுத்த நாளு ஞாபகம் இருக்கான்னு வேற கேக்கறீங்க. நான் கத்துக்கினதச் சொன்னா ம்முன்னு ஒரு வார்த்த. எத்தினி தடவ ஆசையா வந்து சொல்லியிருக்கேன்.”

எழுந்து போய்க் கீரைக் காம்புகளைக் கூட்டி அள்ளினேன்.

அந்த ஞாயிறு அவர் கூப்பிடுவதற்கு முன்பே நான் பின்சீட்டில் ஏறி உட்கார்ந்துகொண்டேன். களத்தில் அந்தப் பத்து நிமிடம் அவர்கள் என்னதான் பேசுவார்கள் என்று அன்று கேட்டேன். அவருடைய பெரிய பெண்ணுக்கு இருமல் நிற்கவில்லை என்றார். அவள் மருந்து சொன்னாள். ஜீப்பின் டயர், பன்றி மேய்ந்துவிட்டுப் போன சாமைக் கொல்லை, அவ்வளவுதான். எனக்கும் அதில் பேச இடம் இருந்தது. பேசவும் செய்தேன்.

ஆனால் வண்டிக்கு நான் செய்தது சரியாகவில்லை. அதிகமாக நின்ற ஆயில் உள்ளே ஒரு ரப்பர் சீலைத் தள்ளிவிட்டது, அதன் வழியே ஆயில் கசிகிறது. செங்கத்து மெக்கானிக், இன்ஜினை இறக்கித்தான் மாற்ற வேண்டும், அதுவரை வாரத்துக்கு இரண்டு முறை அளவு பார்த்து ஊற்றி ஓட்டுங்கள் என்று சொல்லி அனுப்பினார். இன்ஜினை இறக்குவதற்கு எங்களுக்கு இன்னும் நேரம் வாய்க்கவில்லை. அதனால் இப்போது ஞாயிற்றுக்கிழமையோடு புதன்கிழமையும் களத்துக்குப் போகிறார்கள். ஞாயிறு நானும் போகிறேன், கம்பியில் அளவு பார்க்கவும் வந்துவிட்டது. புதன் காலை எனக்குப் பள்ளியில் பிரார்த்தனைக் கூட்டம். பிள்ளைகளை வரிசையில் நிறுத்திக்கொண்டிருக்கும்போது பள்ளிக்குப் பின்னால் கார் ஏறிப் போகும் சத்தம் கேட்கும். முன்சீட்டில் அவர் இருப்பார். எனக்கு உள்ளே ஏதோ சுருக்கென்று இழுக்கும். இழுக்கிறது என்று அன்று மாலையே அவளிடம் சொல்லிவிடுகிறேன். அவள் சிரிக்கிறாள்.