நிகழ்ச்சி நிரலில் விட்டுப்போன தீவு

அந்தத் தாளைத் தட்டச்சு செய்தவன் நான். 'ஒரே நாளில் மூன்று தீவுகள்' என்பது தலைப்பு. காலை 7.00 புறப்பாடு. 9.30 முதல் தீவு. 11.00 நீச்சல். 12.30 இரண்டாம் தீவு, மதிய உணவு. 2.30 மூன்றாம் தீவு. 5.00 கரை திரும்புதல். தொண்ணூறுகளின் கடைசியில் நான் யாங்கோனில் ஒரு வார இதழில் மெய்ப்புப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு தாளில் பிழை இருந்தால் என் கண்ணுக்குத் தப்பாது என்ற நம்பிக்கை எனக்கு இருந்தது. அந்தத் தாளை மூன்று முறை படித்தேன். பிழையே இல்லை.

திட்டம் என் தங்கையின் கணவருடையது. பன்னிரண்டு வருடம் கப்பலில் இருந்தவர். கடைசி நான்கு வருடம் மத்தியதரைக் கடலில், கிரேக்கத் துறைமுகங்களுக்கு நடுவே ஓடும் ஒரு கப்பலில். ஓய்வு நாட்களில் அவர் கரையில் உட்கார்ந்து சுற்றுலாப் படகுகளைப் பார்த்திருக்கிறார். நாற்பது பேரை ஏற்றிக்கொண்டு காலையில் ஒரு தீவு, மத்தியானம் ஒரு தீவு என்று இறக்கி ஏற்றி, நடுவில் கடலில் குதிக்கவிட்டு, சாயங்காலம் சிவந்த முதுகுகளோடு திருப்பிக் கொண்டுவந்து விடுவார்களாம். இறங்குகிறவர்கள் படகோட்டிக்குக் கைதட்டிவிட்டுப் போவார்களாம்.

"மச்சான், அங்க வெறும் பாறை. ஒரு ஆடு நிக்கும், ஒரு சின்ன சர்ச் இருக்கும். அதுக்கே கைதட்றான். நம்ம ஆத்துல என்ன குறைச்சல்?" என்றார்.

அவருடைய விடுப்பு முடிய ஒரு வாரம் இருந்தது. கப்பலுக்கு ஆள் எடுக்கும் முகவர் திங்கட்கிழமைக்குள் பதில் கேட்டிருந்தார். என் தங்கைக்குக் கல்யாணமாகி ஒன்பது வருடம். இருவரும் ஒரே வீட்டில் இருந்த மாதங்களைச் சேர்த்தால் இரண்டு வருடம் தேறாது. வெள்ளோட்டமாக ஒரு பயணம் போவது, வந்தவர்கள் மறுபடியும் வருகிறோம் என்று சொன்னால் அவர் ஊரோடு தங்கிப் படகுத் தொழில் செய்வது, சொல்லாவிட்டால் கையெழுத்துப் போட்டுவிட்டுக் கப்பலேறுவது என்று அவர்களுக்குள் பேச்சு. கணவர் எழுதிக் கொடுத்த நிரலை என்னிடம் நீட்டியபோது தங்கை வாசலில் வைத்துச் சொன்னது ஒரே வாக்கியம்தான்:

"அண்ணே, தப்பில்லாம அடிங்க."

நாள் எது என்று யாரும் யோசிக்கவே இல்லை. யாங்கோனில் கூட்டமாக எங்கே போவதென்றாலும் பௌர்ணமியன்றுதான் போவோம். அன்றைக்குத்தான் அரசாங்க விடுமுறை. லைங் தாயாவின் தையல் ஆலைகள் மூடியிருக்கும், பள்ளிக்கூடம் இருக்காது, அலுவலகம் இருக்காது. மழைக்கு இன்னும் இரண்டு மாதம் இருந்த ஒரு பௌர்ணமியைக் குறித்தோம். எங்கள் பகுதியான தாமுவேயிலிருந்து முப்பத்தெட்டுப் பேர் பெயர் கொடுத்தார்கள். பாதிப்பேர் கோயில் பக்கம், பாதிப்பேர் சர்ச் பக்கம். கூட்டமாகப் போக அனுமதி கேட்டு வார்டு அலுவலகத்தில் கொடுத்த கடிதத்தில் பயண நோக்கம் 'யாத்திரை' என்று எழுதினோம். தீவு பார்க்கப் போகிறோம் என்றால், எதற்கு என்று கேட்பார்கள்.

பஸுன்டவுங் ஓடைத் துறையில் காலை ஆறரைக்கே எல்லோரும் வந்துவிட்டார்கள். ஓய்வுபெற்ற மிஷன் பள்ளி ஆசிரியை ஒருவர், எங்களில் பாதிப்பேருக்குப் பாடம் சொன்னவர், படகுக்காக நீளமாக ஜெபம் செய்தார். கோயில் செயலாளர் அது முடியும்வரை தேங்காயைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். முடிந்ததும், ஆமென் காற்றில் இருக்கும்போதே, படகின் முகப்பில் உடைத்தார். பர்மியப் படகுக்காரர் தன் பங்குக்கு நாவல் இலைக் கொத்தும் பூவும் கட்டியிருந்தார். மூன்று பக்கப் பாதுகாப்போடு புறப்பட்டோம்.

படகுக்காரருக்கு ஐம்பது வயதிருக்கும். ஊலே, அதாவது மாமா, என்று எல்லோரும் அழைத்தோம். அவர் ஏற்றிய சாமான்களை நான் கவனித்தேன். கவனிப்பதுதானே வேலை. ஒரு பாய், ஒரு தலையணை, ஒரு சதுரங்கப் பலகை, குடிதண்ணீர் இரண்டு பெரிய ஜாடி. ஐந்து மணிக்குத் திரும்பும் பயணத்துக்குப் படகோட்டிக்குத் தலையணை எதற்கு? இதழில் பயிற்சி பெற்ற எவனும் கேட்டிருக்க வேண்டிய கேள்வி. நான் கேட்கவில்லை. அவர் என் மாப்பிள்ளையிடம் பர்மியத்தில் ஏதோ சொன்னதும், மாப்பிள்ளை அவர் தோளைத் தட்டி, "பன்னெண்டு வருஷம் கடல்ல இருந்தவன், ஊலே" என்றதும் காதில் விழுந்தது. படகுக்காரர் தலையாட்டிவிட்டுத் தலையணையை நிழலில் வைத்தார்.

போகும்போது படகு பறந்தது. இடப்பக்கம் தன்லியின் என்ற ஊரின் பாலம் தள்ளித் தெரிந்தது. மாப்பிள்ளை பள்ளி விளையாட்டு விழாவிலிருந்து இரவல் வாங்கிய ஒலிபெருக்கியில், வலப்பக்கம் துறைமுகம், இடப்பக்கம் அந்த ஊர் என்று, பிறந்ததிலிருந்து இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருப்பவர்களுக்கு விளக்கினார்.

"தம்பி, அந்தத் துறைமுகத்துல எங்கப்பா முப்பது வருஷம் வேலை பார்த்தாரு. எனக்கே காட்டிக் குடுக்கிறியா?" என்றார் செயலாளர்.

"அங்க அப்படித்தான் அங்கிள். தெரிஞ்சதையும் சொல்லணும்."

முதல் தீவு, ஓடை நடுவில் உள்ள பகோடா. குறித்த நேரத்துக்குப் பத்து நிமிடம் முன்பே சேர்ந்தோம். கெளுத்தி மீன்களுக்குப் பொரி போட்டோம், படம் எடுத்துக்கொண்டோம். மாப்பிள்ளை கடிகாரத்தைப் பார்த்தார். அவர் முகத்தில் ஏற்கெனவே யாரோ கைதட்டிக்கொண்டிருந்தார்கள்.

ஓடையை விட்டு ஆற்றுக்குத் திரும்பும் இடத்தில், பத்தே முக்காலுக்கு, படகு ஒரு முறை முனகியது. பிறகு நின்றது. இயந்திரம் ஓடியது, படகு ஓடவில்லை. பின்னால் தண்ணீர் சாம்பார் மாதிரிக் கலங்கியது. படகுக்காரர் இயந்திரத்தை நிறுத்தினார், மூங்கிலை விட்டு ஆழம் பார்த்தார், முழங்கால்வரை என்று காட்டினார். பிறகு பாயை விரித்தார்.

"என்ன ஆச்சு?" என்றார் டீச்சர்.

"யேச்சா" என்றார் படகுக்காரர். தண்ணீர் இறங்குகிறது என்று பொருள்.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. பௌர்ணமியன்று ஆற்றில் ஏற்றமும் பெரிது, வற்றமும் பெரிது. நடுப்பகலுக்கு நீர் அடிமட்டம் போய்விடும். இது யாங்கோனில் துறைமுகக் கூலியின் பேரனுக்கும் தெரியும், துறைமுகக் குமாஸ்தாவின் பேத்திக்கும் தெரியும். அந்தப் படகில் அவர்களைத் தவிர வேறு யாருமே இல்லை. முப்பத்தெட்டுப் பேருக்கும் பௌர்ணமி என்றால் லீவு என்று மட்டும்தான் ஞாபகம் வந்திருக்கிறது.

"ஏங்க, கடல்ல இருந்தவரு நீங்க. உங்களுக்குமா தெரியல?" என்று தங்கை கேட்டாள்.

"அங்க கடல் இறங்காது" என்றார் மாப்பிள்ளை ஈனக்குரலில். "காலைல எங்க இருக்குதோ சாயங்காலமும் அங்கதான் இருக்கும். மிஞ்சிப்போனா ஒரு சாண்."

இதைப் படகுக்காரருக்கு மொழிபெயர்த்தோம். அவர் தலையணையிலிருந்து தலையைத் தூக்கி, "இறங்காத கடலா? ரிப்பேரா?" என்று கேட்டார். காலையில் எச்சரித்ததையும் மறக்காமல் சொன்னார். இரண்டு மணிக்குத் தண்ணீர் வந்து தானே தூக்கிவிடும், அதுவரை சதுரங்கம் ஆட ஆள் உண்டா என்றார்.

செயலாளர் எழுந்து நின்றார். "ஆறு மணிக்குக் கோயில் நடை திறக்கணும். சாவி என் இடுப்புல இருக்கு. நான் இங்க சேத்துல இருக்கேன்!"

"யபாடே, யபாடே" என்று யாரோ சமாதானம் சொன்னார்கள்.

"என்னத்த யபாடே? பரவாயில்லன்னு நீ போய் முருகன்கிட்ட சொல்லு!"

மாப்பிள்ளை பின்பக்கம் வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார். ஒலிபெருக்கியை மடியில் வைத்துக்கொண்டார். "மச்சான், திங்கக்கிழமை கையெழுத்துப் போட்டுர்றேன். இவங்ககிட்ட மறுபடி வருவீங்களான்னு கேக்கற மூஞ்சி எனக்கு இல்ல" என்றார்.

தங்கை இரண்டடி தள்ளித்தான் நின்றிருந்தாள். அது அவள் காதில் விழுந்தது. அவள் ஆற்றைப் பார்த்தாள். நானும் பார்த்தேன். படகின் வலப்பக்கம் தண்ணீர் விலகிய இடத்தில் ஒரு மணல் திட்டு மெல்ல வெளியே வந்துகொண்டிருந்தது. முதலில் ஒரு படுக்கை அகலம். பிறகு ஒரு அறை. அவள் குனிந்து கணவர் மடியிலிருந்த ஒலிபெருக்கியை எடுத்தாள்.

"எல்லாரும் கவனிங்க! நாம இப்ப ரெண்டாவது தீவுக்கு வந்திருக்கோம். நேத்து வரைக்கும் இல்லாத தீவு. மத்தியானத்துக்கு மேல இருக்கவும் இருக்காது. செருப்பைக் கழட்டிட்டு, கைலியைத் தூக்கிக் கட்டிட்டு, வலது பக்கமா இறங்குங்க. இடது பக்கம் இறங்காதீங்க, அது சேறு."

டீச்சர் கைப்பையிலிருந்து தாளை எடுத்து, கண்ணாடியை மாட்டிக்கொண்டு படித்தார். "இது புரோகிராம்ல இல்லையே?"

"இருந்துச்சு டீச்சர். அண்ணன் டைப் அடிக்கும்போது விட்டுட்டாரு."

முப்பத்தெட்டுப் பேரும் என்னைப் பார்த்தார்கள். வாழ்க்கையில் என்னிடம் இருந்த ஒரே பெருமை, என் கையால் போன தாளில் எதுவும் விட்டுப்போனதில்லை என்பது. தங்கை என் முகத்தைப் பார்க்கவில்லை. ஒலிபெருக்கியை இன்னும் வாயருகிலேயே பிடித்திருந்தாள்.

"ஆமா டீச்சர்" என்றேன். "ஒரு வரி விட்டுப்போச்சு."

"ஸ்கூல்லயும் நீ அப்படித்தான்" என்றார் டீச்சர். அது பொய். ஆனால் அவர் அப்போதே காலணியைக் கழற்றிக்கொண்டிருந்தார்.

பன்னிரண்டு மணிக்குத் தீவு பாதி கால்பந்து மைதானம் அளவு ஆகிவிட்டது. படகுக்காரர் மூங்கிலோடு நடந்து, எங்கே உறுதி, எங்கே புதையும் என்று கோடு கிழித்துக் கொடுத்தார். ஆண்கள் சடுகுடு ஆடினார்கள். புளிச்சோறும் இறால் வறுவலும் இறங்கின. யாரோ ஒரு பெரிய டப்பாவில் லப்பே கலந்து எடுத்து வந்திருந்தார்கள். ஊறிய தேயிலையையும் வேர்க்கடலையையும் மென்றபடி பெண்கள் தண்ணீர் விளிம்பில் காலை நீட்டி உட்கார்ந்தார்கள். பதினொரு மணி நீச்சல் நிகழ்ச்சி, கணுக்கால் ஆழத்தில், பெரும் வெற்றியாக நடந்தது.

பிறகு தீவுக்குப் பெயர் வைக்கும் சண்டை வந்தது. டீச்சர் ஒரு புனிதரின் பெயரைச் சொன்னார். செயலாளர் தன் குடையைத் திட்டின் உச்சியில் நட்டு, முருகன் இருக்கும் இடமெல்லாம் இப்படி மேடாகத்தான் இருக்கும் என்றார்.

"முதல்ல கால் வெச்சது நான்" என்றார் டீச்சர்.

"முதல்ல குடை வெச்சது நான்."

சதுரங்கப் பலகையிலிருந்து நிமிராமலே படகுக்காரர், ஒரு மணிக்கு மேல் இரண்டு பேரும் பேரை எடுத்துக்கொண்டு படகில் ஏறவேண்டும் என்று சொன்னார். எதிரில் ஆடிக்கொண்டிருந்தது மாப்பிள்ளை. தோற்றுக்கொண்டிருந்தார். ஒவ்வொரு காயை நகர்த்தும் முன்பும் நிமிர்ந்து மனைவியைப் பார்த்தார். அவள் பரிமாறிக்கொண்டிருந்தாள். ஒரு முறைகூடத் திரும்பவில்லை.

ஒரு மணிக்கு மேல் தண்ணீர் திரும்பியது. வந்த வேகத்தில் டீச்சரின் ஒரு காலணி போனது, செயலாளரின் குடை போனது. இரண்டு மணிக்குச் சற்று முன் படகு லேசாக அசைந்து நிமிர்ந்தது. மூன்றாம் தீவைப் பற்றி யாரும் விசாரிக்கவில்லை. ஏற்றத்தோடு சேர்ந்து வந்ததில் நாலேகாலுக்கே துறையில் இருந்தோம். செயலாளர் இடுப்பைத் தொட்டுச் சாவியைச் சரிபார்த்தார்.

மாப்பிள்ளை இறங்குபலகைக்குப் பக்கத்தில் நின்றார். கேட்க வேண்டியதை அவர் கேட்கவில்லை. தங்கையும் கேட்கவில்லை. பலகையின் மறுமுனையில் பாத்திரங்களைப் பிடித்தபடி சும்மா நின்றாள். பத்துப் பேர் இறங்கினார்கள், நல்லாயிருந்துச்சு என்றார்கள். இருபது பேர் இறங்கினார்கள். நல்லாயிருந்துச்சு என்பது யாங்கோனில் கல்யாணச் சாப்பாட்டுக்கும் சொல்வது, துக்க வீட்டுச் சாப்பாட்டுக்கும் சொல்வது. அதை வைத்து ஒன்றும் முடிவு செய்ய முடியாது.

டீச்சர் ஒற்றைக் காலணியைக் கையில் பிடித்துக்கொண்டு கடைசியாக வந்தார். அவர் மாப்பிள்ளைக்கு முன்னால் நின்று தாளை நீட்டினார்.

"அடுத்த பௌர்ணமிக்கு எங்க தங்கச்சி வீட்டுக்காரங்க ஏழு பேர் வர்றாங்க. தீவு கண்டிப்பா இருக்கணும். இந்த ஆளை" என்று என்னைக் காட்டினார், "ஒழுங்கா டைப் அடிக்கச் சொல்லு."

"எனக்கும் அஞ்சு பேரு" என்றார் கீழே நின்ற செயலாளர். "குடை அவங்கவங்க கொண்டு வரணும்."

கைதட்டல் இல்லை. தங்கை பாத்திரங்களைக் கீழே வைத்துவிட்டு மூக்கை உறிஞ்சினாள். ஆற்றுக்காற்று என்றாள்.

திங்கட்கிழமை மாப்பிள்ளை தெருமுனையில் காசுக்குப் பேசும் தொலைபேசி மேசைக்குப் போனார். தங்கை என்னைத் துணைக்கு அனுப்பினாள், சாட்சிக்கு என்று சொன்னால் சரியாக இருக்கும். முகவர் மறுமுனையில் கத்தினார். வேறு வேலை கிடைத்துவிட்டது என்றார் மாப்பிள்ளை. எந்தக் கப்பல் என்று அவர் கேட்டிருப்பார் போல.

"சின்னதுதான். மாசம் ஒரு தடவை தரை தட்டும்" என்று சொல்லிவிட்டு ரிசீவரை வைத்துவிட்டார்.

அன்று மாலை புது நிரலைத் தட்டச்சு செய்தேன். 10.45 தரை தட்டல். 11.00 இரண்டாம் தீவு. 2.00 தீவு மறைதல். தங்கை பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு வரியாகச் சரிபார்த்தாள். என்னை அவள் நம்பவில்லை என்று சொன்னாள்.

அடுத்த பௌர்ணமிக்குப் படகுக்காரர் இரண்டு தலையணைகள் கொண்டுவந்தார்.